டீச்சர் வீட்டு நிலைக்கு ஒரு மரம்

எங்கள் மரவாடிக்கு வருகிறவர்கள் மரத்தைத் தட்டிப் பார்ப்பார்கள், முகர்ந்து பார்ப்பார்கள், நகத்தால் கீறிப் பார்ப்பார்கள். விலையைச் சொன்னதும் மரத்தை விட்டுவிட்டு என்னைப் பார்ப்பார்கள். மரத்துக்குச் சொந்த ஊர் எது என்று கேட்டவர் இதுவரைக்கும் ஒரே ஒருவர்தான். அவர் ஒரு டீச்சர்.

கிழக்குத் தாம்பரத்திலிருந்து வேளச்சேரி போகிற சாலையில், சேலையூர் தாண்டிக் கொஞ்ச தூரத்தில் இருக்கிறது எங்கள் கடை. வீடு கட்டுகிறவர்களுக்கு நிலை, கதவு, ஜன்னலுக்கு வேண்டிய மரத்தை அறுத்துக் கொடுப்பது தொழில். நான் பெரிதாகப் படித்தவன் இல்லை. பூகோள வகுப்பில் என்னைக் கண்டாலே உலக உருண்டை வேறு பக்கம் திரும்பிக்கொள்ளும். அன்றைக்கு எனக்குக் காட்டத் தெரியாத நாடுகள் எல்லாம் இன்றைக்கு என் ஷெட்டில் அடுக்கிக் கிடக்கின்றன. இந்த ஓரம் கானா, அந்த ஓரம் நைஜீரியா, தகரத்துக்குக் கீழே மலேசியா. பர்மா மட்டும் என் நாற்காலிக்குப் பக்கத்தில், கண் பார்வையிலேயே. "உன் கடைல விசா இல்லாம உலகம் சுத்தலாம்பா" என்றார் ஒரு கஸ்டமர். இப்படி ஆட்கள் போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போகும் வார்த்தைகள்மேல் எனக்கு ஒரு பைத்தியம். மரத்தை விற்றுவிடுவேன், வார்த்தையை வைத்துக்கொள்வேன்.

டீச்சர் முதலில் வந்தது ஒரு ஆவணி மாதக் காலை. தான் டீச்சர் என்று அவர் சொல்லவில்லை. உட்காருவதற்கு முன்னால் கோணலாகக் கிடந்த நாற்காலியை நேராக வைத்தார், அதிலேயே தெரிந்துவிட்டது.

"தலைவாசல் நிலைக்கு மரம் வேணும் தம்பி."

கானா தேக்கில் ஒரு நல்ல சட்டத்தை எடுத்துக் காட்டினேன்.

"இது எந்த ஊரு?"

"கானா, டீச்சர்."

"கானாவில எங்க? தோட்டத்தில வளர்த்ததா, காட்டில வெட்டினதா? வெட்டின இடத்தில திரும்ப நட்டாங்களா?"

பெண்ணுக்கு மாப்பிள்ளை பார்க்க வருகிறவர்கள்கூட இவ்வளவு விசாரிப்பதில்லை. "துறைமுகத்துல இருந்துதான் டீச்சர் எனக்குப் பழக்கம். அதுக்கு முன்னாடி இது எப்படிப்பட்ட குடும்பம்னு தெரியாது" என்றேன்.

அவர் சிரிக்கவில்லை. ஆனால் எழுந்து போகவும் இல்லை. அதுதான் ஆரம்பம்.

கதை மெல்ல மெல்ல வெளியே வந்தது. குரோம்பேட்டையில் ஒரு பள்ளிக்கூடத்தில் அறிவியல் டீச்சராக இருந்து ரிட்டயர் ஆனவர். வருஷா வருஷம் காடுகள் பாடம் எடுத்திருக்கிறார். பாடம் முடிந்ததும் வகுப்பையே எழுந்து நிற்க வைத்து, மரம் வெட்ட மாட்டோம் என்று உறுதிமொழி வாங்குவாராம். "எத்தனை பிள்ளைங்க கையைத் தூக்கிச் சொல்லியிருக்கும் தம்பி! இப்ப என் வீட்டு வாசலுக்காக நான் ஒரு காட்டுல கை வச்சா, அந்தப் பிள்ளைங்க கிட்ட நான் என்ன சொல்றது?"

"அந்தப் பிள்ளைங்கள்ல பாதிப் பேரு இப்போ என் கஸ்டமர்தான் டீச்சர்" என்று சொல்ல வாய் வந்தது. வியாபாரியின் வாய், அடக்கிக்கொண்டேன்.

மாடம்பாக்கம் பக்கம் ஒரு சின்ன மனை வாங்கியிருந்தார்கள், டீச்சரும் அவர் வீட்டுக்காரரும். அவர் ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றவர். இரண்டு முழங்காலும் போய்விட்டது. வாடகைக்கு இருந்ததோ குரோம்பேட்டையில் மூன்றாவது மாடி, லிப்ட் கிடையாது. ஆஸ்பத்திரிக்குத் தவிர வேறு எதற்கும் அவர் கீழே இறங்குவதில்லை. இறங்கினால் ஏற்றுவதற்கு ஆள் பிடிக்க வேண்டும். ஆயுசெல்லாம் ரயிலோடு கிடந்த மனுஷன், ஜன்னல் ஓரமாக உட்கார்ந்து ரயில் சத்தத்தை மட்டும் கேட்டுக்கொண்டிருந்தார். தரையோடு தரையாக ஒரு வீடு, அடுத்த ஈஸ்டருக்குள் அதில் அவரைக் கொண்டுபோய் உட்காரவைத்துவிட வேண்டும். டீச்சருக்கு வேண்டியது அவ்வளவுதான்.

ஆனால் எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம். பேஸ்மட்டம் முடிந்ததும் நல்ல நாள் பார்த்துத் தலைவாசல் நிலையைத்தான் முதலில் நிறுத்துவார்கள். மஞ்சள் குங்குமம் வைத்து, உச்சியில் நவதானிய முடிச்சுக் கட்டி, அதற்கப்புறம்தான் இரண்டு பக்கமும் செங்கல். கிறிஸ்தவர்கள் வீட்டில் மஞ்சளுக்குப் பதில் ஜெபம். மற்றபடி மேஸ்திரியும் அவர்தான், முறையும் அதுதான். "நிலை இல்லாம செவுரு ஏத்துனா அது வூடு இல்லக்கா, காம்பவுண்டு" என்று டீச்சரின் மேஸ்திரி சொல்லிவிட்டார். ஆக, நிலைக்கு மரம் கிடைக்கிற வரைக்கும் வீடு முழங்கால் உயரத்திலேயே நிற்கும். வீட்டுக்காரர் மூன்றாவது மாடியிலேயே இருப்பார்.

இவ்வளவு அவசரம் இருக்கிறவர் எதையாவது வாங்கிக்கொண்டு போவார் என்றுதானே நினைப்போம்? டீச்சர் வாரம் தவறாமல் வந்தார், வாங்கத்தான் இல்லை.

பர்மாவைக் காட்டினேன். தலையை ஆட்டினார். மலேசியாவைக் காட்டினேன். அங்கே காட்டை அழித்து மைல் கணக்கில் எண்ணெய்ப் பனை வைக்கிறார்கள், குரங்குகளுக்கு ஏறுவதற்குக் கிளை இல்லை என்றார். அந்த நேரம் பார்த்து டீயும் பிஸ்கட்டும் வந்தது.

"அந்த எண்ணெய் இந்த பிஸ்கட்லயும் இருக்குமாமே டீச்சர்?" என்று கேட்டுவிட்டேன்.

கையில் எடுத்த பிஸ்கட்டைத் தட்டில் திரும்ப வைத்தார். அன்றிலிருந்து எங்கள் கடையில் அவருக்கு வெறும் டீ. அதையும் ஒரு மாதிரியாகப் பார்த்துத்தான் குடித்தார். மலையில் எதை வெட்டிவிட்டுத் தேயிலை வைத்தார்கள் என்பது அவருக்குத் தெரியும்.

நாட்டுத் தேக்கு என்றால், "தோட்டம் போடறதுக்கு முன்னாடி அங்க என்ன இருந்தது?" என்பார். இரும்பு நிலை வைத்துவிடுங்கள் என்றேன். "இரும்பு எங்க இருந்து தம்பி வருது? காட்டைத் தோண்டித்தானே?" பிளாஸ்டிக் என்றேன். என்னைப் பார்த்தார். பின் பெஞ்சில் பேசிக்கொண்டிருந்த பையனைப் பார்க்கிற பார்வை.

அவர் பேசினால் கடையே நின்று கேட்கும். காடு என்றால் கோடாலி, கோடாலி என்றால் நான், இப்படித்தான் அதுவரைக்கும் நினைத்துக்கொண்டிருந்தேன். "நீ ஒரு ஆள் இல்ல தம்பி, கூட்டமே இருக்கு" என்று எனக்கு ஆறுதல் சொன்னார். மாடு மேய்க்க அழிக்கிறார்கள், அந்த மாட்டுக்குச் சோயா போடவும் அழிக்கிறார்கள். சுரங்கத்துக்கு, அணைக்கு, ரோட்டுக்கு. ரோடு ஒன்று உள்ளே போனால் போதும், ரோட்டோரமாகவே ஆள் குடியேறி, காடு கரையான் தின்ன காகிதம் மாதிரி ஓரத்திலிருந்து உதிர ஆரம்பித்துவிடுமாம். மரம் போனால் மேகத்துக்கு ஈரம் கொடுக்க ஆள் இல்லை. வெயில் ஏறும், மழை வந்தால் மொத்தமாக வரும், வராவிட்டால் வரவே வராது.

"எங்கேயோ அமேசான்ல மரம் வுழுந்தா முடிச்சூர்ல தண்ணி நிக்குமா மேடம்?" என்று பிளைவுட் வாங்க வந்த ஒருவர் கிண்டலாகக் கேட்டார்.

"நேரா வராது சார். சுத்தி வரும்" என்றார் டீச்சர். "ஐப்பசியில படகு, சித்திரையில டேங்கர் லாரின்னு நாம மாத்தி மாத்தித் தேடறோம் பாருங்க, அதுல அதுக்கும் ஒரு பங்கு இருக்கு."

அந்த மனுஷன் பிளைவுட்டை ஆட்டோவில் ஏற்றும்போது என்னிடம் சொன்னது: "பலகை வாங்க வந்தேன், பாவமன்னிப்பு வாங்கிகினு போறேன்." அவரும் சர்ச்சுக்குப் போகிறவர்தான். ஆனால் பலகையைத் திருப்பிக் கொடுக்கவில்லை.

எனக்கும் ரோஷம் வந்தது ஒருநாள். "நான் விக்கலைன்னா பக்கத்துக் கடைக்காரர் விப்பாரு டீச்சர்."

"அவரும் உன்னைப் பத்தி இதையேதான் சொல்வாரு" என்றார். பக்கத்துக் கடைக்காரரிடம் கேட்டுப் பார்த்தேன். இதையேதான் சொன்னார்.

நடுவில் ஒரு போன். டீச்சரின் போன் பைக்குள் எங்கேயோ அணைந்து கிடந்ததால் அவர் வீட்டுக்காரர் கடை நம்பருக்கே கூப்பிட்டுவிட்டார்.

"தம்பி, எங்க மிசஸ் அங்க இருக்காங்களா?"

"இருக்காங்க சார். நைஜீரியா பக்கமா நிக்கிறாங்க."

"சரி, பர்மா தாண்டினதும் ஒரு குரல் குடுங்க. மாத்திரை எங்க வச்சாங்கன்னு கேக்கணும்." அப்புறம் குரல் இறங்கியது. "ஏதாவது ஒரு காட்டை முடிவு பண்ணச் சொல்லுங்க தம்பி. நான் சொன்னா, என் காலுக்காக மனசாட்சியை வித்துட்டேன்னு பின்னாடி வருத்தப்படுவாங்க. அதான் சொல்ல மாட்டேங்கறேன். மத்தபடி, எனக்குத் தரையில கால் வைக்கணும்."

போனை வைத்துவிட்டு டீச்சரைப் பார்த்தேன். ஒரு சட்டத்தின் ரேகையைக் கையால் தடவிக்கொண்டிருந்தார். மாத்திரை விஷயத்தை மட்டும் சொன்னேன்.

அடுத்த வாரம் முகமெல்லாம் மலர்ச்சியாக வந்தார். பல்லாவரத்தில் ஒரு பழைய பங்களாவை இடிக்கிறார்களாம், அதன் நிலை விலைக்கு வருகிறதாம். எப்போதோ வெட்டிய மரம், புதிதாக ஒரு கிளைகூட ஒடிய வேண்டாம். எனக்கு வியாபாரம் போனாலும், விட்டது தொல்லை என்றுதான் இருந்தது. அவருக்கு வேலை செய்கிற ஆசாரி அன்றைக்கு என் கடையில்தான் இருந்தார். கேட்டதும் உளியைக் கீழே வைத்துவிட்டார்.

"இன்னாக்கா பேசற? ஒரு வூட்ல நின்ன நிலைய இன்னொரு வூட்ல நிறுத்துவாங்களா? அந்த வூட்டு சண்டை, கடன், காச்சல் அல்லாம் அதுல ஒட்டிகினு கீது."

"எனக்கு அதுல எல்லாம் நம்பிக்கை கிடையாதுப்பா."

"நீ நம்ப வேணாக்கா. உளி புடிக்கிறது நான்தான?"

"பிரேயர் பண்ணித்தானே வைக்கப் போறோம்?"

"அந்த வூட்டுக்காரங்களும் பண்ணித்தான் வச்சிருப்பாங்க. இடிச்சிட்டாங்கல்ல?"

மேஸ்திரியும் ஆசாரி பக்கம் சாய்ந்துவிட்டார். அது போதாதென்று, நிலை எப்போது வருமோ தெரியாது, ஆட்களைச் சும்மா உட்காரவைத்துக் கூலி கொடுக்க முடியாது, சிங்கப்பெருமாள் கோவில் பக்கம் ஒரு கம்பெனி ஷெட் வேலை வந்திருக்கிறது, அங்கே போய்விட்டால் பொங்கலுக்கு அப்புறம்தான் திரும்புவேன் என்றும் சொல்லிவிட்டார். பொங்கலுக்கு அப்புறம் சுவர் என்றால் ஈஸ்டருக்கு வீடு இல்லை.

அன்று சாயங்காலம் டீச்சர், மேஸ்திரி, ஆசாரி, நான் நாலு பேரும் மனையில் நின்றோம். பேசி முடிவுகட்டத்தான் போனோம். முழங்கால் உயரத்துக்கு பேஸ்மட்டம், தலைவாசல் வரவேண்டிய இடத்தில் ஒரு இடைவெளி. டீச்சர் அந்த இடைவெளிக்கு நேராகவே நின்றார், இல்லாத வாசலைத் தாண்டி உள்ளே போகக் கூச்சப்படுகிற மாதிரி.

பக்கத்து வீட்டுக்காரர் கேட்டைத் திறந்துகொண்டு வந்தார். அந்த ஊரின் பழைய குடும்பம். ஒரு காலத்தில் அங்கே கண்ணுக்கு எட்டின மட்டும் அவர்கள் வயலும் தோப்பும்தான். எல்லாம் மனையாகிவிட்டது. இப்போது அவர் இடுப்பில் தொங்குகிற சாவிக்கொத்தில் ஒவ்வொரு சாவியும் ஒரு வாடகை வீடு.

"இன்னா மரவாடி, மாநாடா?" என்றார் என்னைப் பார்த்து.

"நிலைக்கு மரம் தேடறோம்ணா. டீச்சருக்குக் காடு அழியக்கூடாது."

"நல்ல மனசு டீச்சரம்மா. எங்க மாந்தோப்புல மனை போட்டவன் அதுக்கு மாந்தோப்பு அவென்யூன்னு பேரு வச்சான். அதுல மரம் எங்க கீதுன்னு கேட்டா, ஆர்ச்சுல வரைஞ்சி கீதேன்னு சொல்றான்."

"வித்தது யாருண்ணா?" என்றேன்.

"நான்தான். அதுக்குத்தான் அவனைத் திட்டிகினு கீறேன். என்னைத் திட்ட முடியுமா?" என்று சிரித்தார். டீச்சர்கூட லேசாகச் சிரித்தார். அப்புறம் அவர் ஒன்றும் பெரிய விஷயம் சொல்லாத குரலில் சொன்னார்: "ஏன் டீச்சரம்மா ஊரெல்லாம் தேடறீங்க? உங்க மரம்தான் எங்க ஷெட்ல கெடக்குதே."

"எங்க மரமா?"

"இந்த எடத்துல நின்ன வேம்பும்மா. நீங்க எடத்தைக் கிளீன் பண்ணச் சொல்லி ஜேசிபி வந்துச்சே, அன்னிக்கு சாய்ச்சது. டிரைவர் வெறகுக்குத் தள்ளப் பாத்தான். நல்ல ஒடம்பு, ஊஞ்சப் பலகைக்கு ஆவும்னு நான்தான் இழுத்துப் போட்டேன். இன்னும் அப்படியே கீது."

மேஸ்திரி காலால் ஒரு செங்கல் துண்டை உருட்ட ஆரம்பித்தார்.

டீச்சர் மேஸ்திரியைப் பார்த்தார். "இங்க மரம் இருந்ததா?"

"இருந்துச்சுக்கா. போன்ல கேட்டப்போ எல்லாத்தையும் எடுத்து எடத்தைச் சுத்தமா குடுங்கன்னீங்க. அப்போ சாரை ஆஸ்பத்திரில சேத்திருந்தீங்க. நீங்க இருந்த நிலைமையில நானும் திரும்பக் கேக்கல."

"வாங்கறதுக்கு முன்னாடி வந்து பார்த்தேனே நான்" என்றார் டீச்சர். யாரிடமும் சொல்லவில்லை, தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். "ரோடு எவ்வளவு அகலம்னு பார்த்தேன். தண்ணியை வாயில ஊத்தி உப்பா இருக்கான்னு பார்த்தேன். பத்திரம் பார்த்தேன், பட்டா பார்த்தேன். மரம் பார்க்கலையே!"

அவரைக் குறை சொல்ல எங்கள் யாருக்கும் யோக்கியதை இல்லை. தாம்பரத்திலிருந்து இந்தப் பக்கம் மனை வாங்குகிற எல்லோரும் இதைத்தான் பார்க்கிறோம். மனையில் மரம் இருந்தால் புரோக்கரே, "அதை எடுத்துடலாம் சார், கவலைப்படாதீங்க" என்று நமக்குத் தைரியம் சொல்லுவார். 'கிளீன்' என்கிற அந்த ஒரு சொல்லுக்குள் ஒரு வேம்பு முழுசாகப் படுத்துக்கொள்ளும், வெளியே ஒரு இலைகூடத் தெரியாது. டீச்சர் மாதக்கணக்கில் கானாவையும் பர்மாவையும் விசாரணை பண்ணிக்கொண்டிருந்தபோது, அவர் பேரில் விழுந்த மரம் அடுத்த காம்பவுண்டில் தகரத்துக்குக் கீழே காய்ந்துகொண்டிருந்திருக்கிறது. இன்னொரு சமயமாக இருந்தால் இதை வைத்து நான் அவரைக் கேலி பண்ணியே தீர்த்திருப்பேன். அன்றைக்கு வாய் வரவில்லை.

போய்ப் பார்த்தோம். பழைய டயருக்கும் பழுதான மோட்டாருக்கும் நடுவில் கிடந்தது. ஆசாரி தட்டினார், முனையில் கொஞ்சம் செதுக்கி முகர்ந்தார். "நல்லா காஞ்சி கீதுக்கா. வேம்பைக் கரையான் தொடாது. தாராளமா நிலை வைக்கலாம்."

"வேண்டாம்" என்றார் டீச்சர். "வேற எதையாவது வைப்போம். கானாவே குடு தம்பி."

மாதக்கணக்கில் நான் விற்க முடியாத மரத்தை அவரே கேட்கிறார், எனக்கோ கொடுக்க மனசு வரவில்லை. "சாரை ஒரு வார்த்தை கேட்டுடலாமே டீச்சர்" என்று போனைப் போட்டு ஸ்பீக்கரில் வைத்தேன். டீச்சர்தான் எல்லாவற்றையும் சொன்னார், ஒன்றையும் மறைக்காமல். ரயில் ஒன்று போகிற சத்தம் போனில் கேட்டது. அது ஓய்ந்ததும் சார் சொன்னார்:

"சரி. அதையே வச்சிடுவோம்."

"நான் வெட்டச் சொன்ன மரங்க. அதை வாசல்ல வச்சு, போகும்போதும் வரும்போதும் பார்க்கச் சொல்றீங்களா?"

"ஆமா, பார்க்கணும். நீயும் பார்க்கணும், நானும் பார்க்கணும். ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டு, கிளீன் பண்ணச் சொல்லிட்டியான்னு கேட்டவன் நான்தானே?" என்றார். அப்புறம் பழைய குரலுக்கு வந்துவிட்டார். "ஆனா பார்க்கறதுக்கு முதல்ல என்னைக் கீழ எறக்கணும். அதையும் கொஞ்சம் யோசி."

டீச்சர் கண்ணாடியைக் கழற்றிப் புடவைத் தலைப்பில் துடைத்தார். "எப்ப அறுக்கலாம் தம்பி?" என்றார்.

பக்கத்து வீட்டுக்காரர் ஊஞ்சலை மறந்துவிட்டு அவருடைய டிராக்டரிலேயே மரத்தைக் கடைக்குக் கொண்டுவந்து போட்டார். அறுத்தோம். அறுத்தால் அடிப்பக்கம் பொந்து. மேலே ஒன்று, பக்கத்துக்கு ஒன்று என்று மூன்று சட்டத்துக்கு மரம் நன்றாக வந்தது. கீழே வாசற்படியாகக் கிடக்கிற நாலாவது கட்டைக்கு மட்டும் வரவில்லை. நான் ஷெட்டைத் திரும்பிப் பார்த்தேன். டீச்சரும் பார்த்தார். கானா தேக்கு பத்திரமாக அங்கேயே இருந்தது.

"மூணு பக்கம் மாடம்பாக்கம், ஒரு பக்கம் ஆப்பிரிக்காவா?" என்றார்.

"கீழ்க்கட்டை இல்லாம நிலை ஏதுக்கா?" என்றார் ஆசாரி. "மஞ்சா எங்க பூசுவ?"

"நான் எப்பப்பா மஞ்சா பூசினேன்?"

"சரி, நீ பூச மாட்ட. நான் வேல செஞ்ச வூட்டுக்குக் கீழ்க்கட்டை இல்லன்னா நாளைக்கு என்னை எவன் கூப்புடுவான்?"

வழக்கு மறுபடியும் மூன்றாவது மாடிக்குப் போனது. தீர்ப்பு உடனே வந்தது: "கீழ்க்கட்டை வேண்டவே வேண்டாம். அதைத் தாண்டணும்னா நான் காலைத் தூக்கணும். என் கால் தூக்காது. தரையோட தரையா விடச் சொல்லு. ஆசாரி கிட்ட சொல்லு, யாராவது கேட்டா முட்டி வலிக்காரன் வூடுன்னு சொல்லிக்கட்டும்."

ஆசாரி அன்றைக்கெல்லாம் முணுமுணுத்தார். அப்புறம் வேலையில் இறங்கியதும், இழைத்த வேம்பின் வாசனையில் கோபம் போய்விட்டது. பாஸ்டர் வந்து ஜெபம் பண்ண, மூன்று சட்டத்து நிலை நின்றது. ஆசாரி யாரும் பார்க்காத நேரம் உச்சியில் ஒரு நவதானிய முடிச்சைக் கட்டினார். டீச்சர் பார்த்தார். பார்க்காத மாதிரி இருந்துவிட்டார்.

சுவர் எழும்பியது. பேஸ்மட்ட உயரத்துக்கு ஏற, வாசலுக்கு முன்னால் படிக்குப் பதில் சரிவாகத் தளம் போட்டார்கள். மேஸ்திரி சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போகவில்லை. எனக்கு இந்த நிலையில் அறுப்புக் கூலி தவிர ஒன்றும் கிடைக்கவில்லை. அதைப் பெருமையாகச் சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். வியாபாரிக்கு அது வருத்தம்தான். கதவுப் பலகைக்கும் உள் கதவுகளுக்கும் டீச்சர் என்னிடமே வந்தார். நாட்டுத் தேக்கு வாங்கினார். எந்த ஊர் என்று கேட்டார், சொன்னேன். மேலே ஒன்றும் கேட்கவில்லை. வாங்கும்போது என் முகத்தைப் பார்க்கவும் இல்லை. நானும் அன்றைக்குப் பிஸ்கட் கொண்டுவரச் சொல்லவில்லை.

ஈஸ்டருக்கு முந்தின வாரம் வீட்டுக்காரரை நாற்காலியோடு மூன்று மாடி இறக்கினோம். நானும் ஒரு கால் பிடித்தேன். ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும், "ஸ்டேஷன் வந்தாச்சா?" என்று கேட்டுக்கொண்டே வந்தார். புது வீட்டு வாசலில் நாற்காலியை இறக்கியதும், கம்பை ஊன்றி எழுந்து, யார் கையையும் பிடிக்காமல் நிலைக்குள் நுழைந்தார். உள்ளே போய்த் திரும்பி வெளியே வந்தார். மறுபடியும் உள்ளே போனார். "போதும், தேஞ்சிடும்" என்றார் டீச்சர்.

அதற்கு அப்புறம் ஒரு நாள், சித்திரை வெயிலில், ஒரு தாழ்ப்பாள் சரி பண்ணிக் கொடுக்க ஆசாரியைக் கூட்டிக்கொண்டு போனேன். கிழக்குப் பார்த்த வாசல். காலை வெயில் நேராக வீட்டுக்குள் வந்து உட்கார்ந்திருந்தது. வேம்பு நின்ற இடம் அந்த வாசலுக்கு எதிரேதான் என்று பக்கத்து வீட்டுக்காரர் காட்டியிருக்கிறார். அதே இடத்தில் டீச்சர் ஒரு வேப்பங்கன்று நட்டிருந்தார். முழங்கால் உயரம்கூட இல்லை. அதன் பக்கத்தில் நாற்காலி போட்டு, வேர்க்க விறுவிறுக்க உட்கார்ந்திருந்தார் வீட்டுக்காரர்.

"வாங்க தம்பி, வாங்க" என்று கூப்பிட்டார். "நிழல்ல வந்து உக்காருங்க."

"எங்க சார் நிழல்?"

செருப்பைக் கழற்றிக் காலை நீட்டிக் காட்டினார். கன்றின் நிழல் அவர் கட்டை விரல்மேல் விழுந்திருந்தது. "இது வரைக்கும் வந்தாச்சு."

"வெயில்ல உக்காராதீங்க, உள்ள வாங்கன்னா கேக்கறாரா பாரு தம்பி" என்று உள்ளேயிருந்து டீச்சரின் குரல்.

"விரலை மட்டும் வெளியில வச்சுட்டு வர முடியுமா?" என்றார் அவர்.

டீச்சர் வெளியே வந்தார், ஒரு கையில் சொம்போடு. கன்றுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு, மிச்சத்தை அவர் கையில் கொடுத்தார்.